தங்கை வீட்டுத் தண்ணீர்

மம்ராஜ் என் பெரியப்பா மகன். இதை நானாக யாரிடமும் சொல்வதில்லை, கேட்டால் மறைப்பதுமில்லை. கண்டாவ்லியில் எங்கள் இரண்டு வீட்டுக்கும் நடுவில் ஒரு மண்சுவர்தான். அந்தப் பக்கம் அவன் இருமினால் இந்தப் பக்கம் என் எருமை காதைத் தூக்கும். ஐம்பது வருஷமாக அந்த இருமலைக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். ஒரு நாளும் அது வேலை செய்து களைத்தவனின் இருமலாக இருந்ததில்லை.

பெரியப்பா தன்சிங் நல்ல மனுஷன். மலையடிவாரத்தில் பதினாறு பிகா நிலம் வைத்திருந்தார். கல்லும் முள்ளும் கிடந்த அதைக் கம்பும் கடுகும் விளையும் மண்ணாக்கியது அவர் முதுகு. மகன் மம்ராஜ் வரப்போரத்துக் கருவேல மரத்தடியில் கட்டில் போட்டு, அப்பா உழுவதை மேற்பார்வை பார்ப்பான். மாடு எந்தப் பக்கம் திரும்ப வேண்டும் என்று மாட்டுக்கே யோசனை சொல்வான். அறுவடைக்கு அரிவாள் பிடித்தது மகள் பஸ்ரி. மம்ராஜுக்கு ஐந்து வயது இளையவள். கல்யாணமாகி பீப்பல்கேடா போன பிறகும் கடுகு காய்ந்ததும் வந்துவிடுவாள். பத்து நாள் குனிந்து அறுத்துவிட்டு, ஒரு மூட்டை கடுகுகூடக் கேட்காமல் திரும்பிப் போவாள்.

பெரியப்பா இறந்தபோது நிலம் முழுக்க மம்ராஜ் பேருக்கு ஏறியது. பஸ்ரியை யாரும் கேட்கவில்லை. அவளும் கேட்கவில்லை. நாங்கள் மேவ் சனம், பள்ளிவாசலில் தொழுகிறவர்கள்தான், ஆனால் பழைய பேரையும் கோத்திரத்தையும் வழக்கத்தையும் விடாதவர்கள். எங்களில் பெண் நிலம் கேட்பதில்லை. அதற்குப் பதிலாக அவளுக்கு இருப்பது ஒன்றே ஒன்று. அவள் பிள்ளைக்குக் கல்யாணம் என்றால் கூடப்பிறந்தவன் தாய்மாமன் சீர் எடுத்துக்கொண்டு அவள் வாசலுக்கு வருவான். நாங்கள் அதை பாத் என்போம். ஊரார் எல்லாரும் பார்க்க அவளைப் பலகைமேல் நிற்க வைத்து, தலையில் புதுத் துப்பட்டாவைப் போர்த்துவான். அந்தத் துணி விழாத பெண்ணை மாமியார் வீட்டில் யாரும் திட்டமாட்டார்கள், அடிக்கமாட்டார்கள். பிறந்த வீடு இல்லாதவள் என்று மட்டும் நினைத்துக்கொள்வார்கள். சாகும்வரை அப்படியே நினைப்பார்கள்.

மம்ராஜ் லாரி ஓட்டப் போனான். எங்கள் பக்கத்தில் ஆண்பிள்ளை என்று பிறந்த பாதிப்பேர் லாரிதான் ஓட்டுகிறோம், நானும் முப்பது வருஷம் ஓட்டினேன். அவனை மூன்று முதலாளிகள் வைத்துப் பார்த்தார்கள். மூன்று பேரும் சொன்னது ஒன்றுதான்: ஓட்டுகிற நேரத்தைவிட டாபாவில் படுத்திருக்கிற நேரம் அதிகம். அப்புறம் ஊரில் கோழிப் பண்ணை வைத்தான். கோழிகள் செத்தன. அதற்கும் பஸ்ரியின் கண்தான் காரணம் என்றான். பீப்பல்கேடாவிலிருந்து எட்டுக் கோஸ் தூரம் தாண்டி வந்து கண் பட்டிருக்கிறது.

நாற்பத்தைந்து வயதில் மார்க்கப் பயணம் போகும் கூட்டத்தோடு சேர்ந்து நாற்பது நாள் போய்வந்தான். அதில் குற்றம் சொல்ல ஒன்றுமில்லை. என் சொந்தத் தம்பியும் அதே கூட்டத்தில் போனான். திரும்பி வந்தவன் பெண்டாட்டிமேல் கை நீட்டுவதை விட்டான், புகையிலையை விட்டான், ஐந்து வேளையும் யாரிடமும் சொல்லாமல் தொழுகிறான். மம்ராஜ் மட்டும் வாயை வளர்த்துக்கொண்டு வந்தான். தாத்தா வைத்த பேர் காபிர் பேராம், இனிமேல் அப்துல் மன்னான் என்று கூப்பிட வேண்டுமாம். ஊரே ஒரு வாரம் பழகிப் பார்த்தது, வரவில்லை. நிலப் பட்டாவில் மட்டும் மம்ராஜ் வல்த் தன்சிங், தன்சிங் மகன் மம்ராஜ் என்றே இருக்கட்டும் என்று விட்டுவிட்டான். அங்கே போய்ப் பேரை மாற்றினால் யாராவது பழைய தாளைப் புரட்டிப் பார்ப்பார்களோ என்ற பயம்.

அதன்பிறகு ஊரில் ஒரு விசேஷம் நிம்மதியாக நடக்கவில்லை. குழந்தை பிறந்து பெண்கள் கிணற்றடிச் சடங்குக்குப் போனால் குறுக்கே நிற்பான். கல்யாணத்தில் பாட்டுக் கூடாது என்பான். அவன் மகன் கல்யாணத்தன்று மிராசிப் பெண் ஜைத்தூனி, தலைமுறை தலைமுறையாக எங்கள் வீட்டு வாசல்களில் பாடுகிறவள், மத்தளத்தைத் தூக்கிக்கொண்டு வந்தபோது வாசலிலேயே நிறுத்தி அனுப்பிவிட்டான். ஆனால் அதே மகனுக்குப் பெண் பார்த்தபோது நாலு கோத்திரத்தையும் நகத்தால் கீறிக் கீறிப் பார்த்தான். அப்பாவின் கோத்திரம் கூடாது, அம்மாவின் கோத்திரம் கூடாது, இரண்டு பாட்டிகளின் கோத்திரமும் கூடாது. மார்க்கத்தில் இதெல்லாம் எங்கே இருக்கிறது என்று நான் கேட்டதற்கு, அது வேற விஷயம் என்றான். அவனுக்கு வேற விஷயங்கள் நிறைய.

எல்லாவற்றையும்விட ஊருக்கு உறைத்தது சுமேர் சாச்சா விஷயம். ஊருக்கெல்லாம் சித்தப்பா முறையான அவருக்கு எழுபது தாண்டிவிட்டது. இன்னமும் வைகாசி வெயிலில் மகள் வீட்டுக்கு சைக்கிள் மிதித்துப் போகிறவர். சைக்கிள் கைப்பிடியில் ஒரு தண்ணீர்க் கேன் தொங்கும். பெண் கொடுத்த வீட்டில் அவள் பிறந்த வீட்டார் தண்ணீர்கூடக் குடிப்பதில்லை. கொடுக்க மட்டும்தான் அந்த வாசலுக்குப் போகிறோம், எடுக்க இல்லை. ஒருமுறை திரும்பி வரும்போது கேன் காலியாகி, வழியில் மயங்கி விழுந்துவிட்டார். யாரோ ஆட்டுக்காரன் தூக்கி வந்தான். கொட்டகையில் ஹுக்காவைச் சுற்றி ஊர் ஆண்கள் எல்லாரும் உட்கார்ந்திருந்தோம். அவர் முகத்தில் நான் தண்ணீர் தெளித்துக்கொண்டிருந்தேன். மம்ராஜ் சிரித்தான்.

"சாச்சா, மக வீட்டுத் தண்ணி ஆகாதுன்னு எந்தக் கிதாபுல எழுதியிருக்கு? தண்ணி அல்லாவோடது. யார் வீட்ல குடுத்தாலும் குடிக்கலாம். நீங்க உங்க மூடத்தனத்துக்கு சாகப் பாத்தீங்க" என்றான்.

சாச்சா கண்ணைத் திறக்காமலே, "சரிப்பா" என்றார். அவ்வளவுதான். கிழவரை அந்த நிலையில் வைத்துப் பாடம் நடத்தியதை ஒருத்தனும் மறக்கவில்லை.

பஸ்ரிக்குப் பன்னிரண்டு வருஷம் பிள்ளை இல்லை. அப்புறம் பிறந்தவள் ஒரே மகள் முபீனா. போன மாசியில் அவளுக்குக் கல்யாணம் நிச்சயமானது. மற்ற பெண்கள் எல்லாம் நாலு பிள்ளை பெற்று நாலுமுறை பலகையில் நின்றவர்கள். பஸ்ரிக்கு இந்த ஒரு முறைதான்.

வழக்கப்படி அவள்தான் வந்து அழைக்க வேண்டும். ஒரு வெல்ல உருண்டையைத் துணியில் கட்டிக்கொண்டு வந்தாள். கூடப்பிறந்தவன் அதில் கொஞ்சம் கிள்ளி வாயில் போட்டால் சீர் வரும் என்று அர்த்தம். மம்ராஜ் கொட்டகையில் இருந்ததால் நேராக அங்கேயே வந்துவிட்டாள். முக்காடு போடவில்லை, பிறந்த ஊரில் அவள் யாருக்குப் போட வேண்டும்? எனக்கும் சாச்சாவுக்கும் தலை குனிந்து சலாம் சொல்லிவிட்டு, வெல்லத்தை அவன் கட்டில்மேல் வைத்தாள். கல்யாணத் தேதியைச் சொன்னாள். குரலில் அவ்வளவு சந்தோஷம்.

மம்ராஜ் வெல்லத்தைப் பார்த்தான். தாடியைத் தடவினான். பிறகு பயானுக்கு, பள்ளிவாசல் பிரசங்கத்துக்கு ஆரம்பிக்கிற மாதிரி தொண்டையைச் செருமினான். பாத் என்பது நம் மார்க்கத்தில் இல்லாத சடங்கு, பலகையில் ஏற்றுவதும் பெண்கள் நின்று வசைப்பாட்டுப் பாடுவதும் பாவம், தெரிந்தே பாவத்துக்குத் துணைபோனால் நாளைக்கு மறுமையில் தான்தான் பதில் சொல்ல வேண்டும், நிக்காஹ் அன்று வந்து துவா செய்துவிட்டுப் போவதாகச் சொன்னான். இத்தனையையும் அவள் முகத்தைப் பார்க்காமல் சொன்னான். கூரையில் ஒரு குருவி இருந்தது, அதைப் பார்த்துச் சொன்னான்.

பஸ்ரி அழுவாள் என்று நினைத்தேன்.

"சரிண்ணே. சடங்கு வேண்டாம், மார்க்கமே இருக்கட்டும். மார்க்கம் சொல்றத குடுத்துடு. அப்பா நிலத்துல உனக்கு ரெண்டு பங்கு, எனக்கு ஒண்ணு. அதக் குடு, நான் பலகையில ஏற மாட்டேன்" என்றாள்.

ஹுக்கா உறிஞ்சிக்கொண்டிருந்தவன் குழாயை வாயிலிருந்து எடுத்தான். தண்ணீர் கொப்பளிக்கும் சத்தம் நின்றது.

மம்ராஜ் துள்ளி எழுந்தான். குருவியை மறந்துவிட்டான், இப்போது அவளையே பார்த்தான். "நிலமா? நம்ம சனத்துல எந்தப் பொண்ணுடி நிலம் கேட்டுருக்கா? நம்ம வழக்கம் என்ன, பாட்டன் பூட்டன் காலத்துலேர்ந்து நடக்கறது என்ன? ஊர் காறித் துப்பாது?"

அதே வாய். ஒரு பீடி பற்றவைக்கிற நேரம்கூட ஆகவில்லை. நான் எத்தனையோ திருடர்களைப் பார்த்திருக்கிறேன். ராத்திரி டீசலை உறிஞ்சிவிட்டுக் காலையில் நம்மோடு சேர்ந்து திருடனைத் தேடுகிறவனையும் பார்த்திருக்கிறேன். அவனுக்குக்கூட முகத்தை மாற்றிக்கொள்ள ஒரு ராத்திரி தேவைப்படும்.

பள்ளிவாசலில் தொழவைக்கும் ஹாபிஸ்ஜி அங்கேதான் ஓரமாக உட்கார்ந்திருந்தார். சின்ன வயசுக்காரர், வெளியூர்க்காரர், ஊர் வம்புக்குப் போகாதவர். சாச்சா அவரைக் கேட்டார். தங்கைக்குப் பங்கு உண்டு, அதை வைத்துக்கொண்டிருப்பவன் அடுத்தவர் சொத்தைச் சாப்பிடுகிறவன் என்று அவர் மெல்லத்தான் சொன்னார். மம்ராஜ் அவரைப் பார்த்து, நீங்கள் வெளியூர், எங்கள் மேவ் வழக்கம் உங்களுக்குத் தெரியாது என்றான். எட்டு வருஷமாக மேவ் வழக்கத்தைக் காறித் துப்பிக்கொண்டிருந்தவன் சொன்னான்.

பஸ்ரி வெல்லத்தை எடுக்கவில்லை. காற்று திருப்பிவிட்ட துப்பட்டாவை இழுத்துவிட்டுக்கொண்டு பஸ் நிற்கிற பக்கம் நடந்தாள். முதுகு நிமிர்ந்துதான் இருந்தது. ஆனால் எனக்குத் தெரியும், பீப்பல்கேடாவில் இறங்கியதும் மாமியார் கேட்கும் முதல் கேள்வி என்னவென்று.

கட்டில்மேல் வெல்லம் கிடந்தது. ஓர் எறும்பு வந்துவிட்டது. மம்ராஜ் அதைத் தள்ளி வைத்துவிட்டு உட்காரப் பார்த்தான். அப்போது சுமேர் சாச்சா கையை நீட்டி வெல்லத்தை எடுத்தார். எறும்பை ஊதிவிட்டார். பல் இல்லாத வாயால் ஓர் ஓரத்தைக் கொறித்துக் கொறித்து எடுத்துச் சப்பினார்.

"இனிப்பாத்தான் இருக்கு" என்று என்னிடம் நீட்டினார்.

நான் வாங்கிக் கடித்தேன். எனக்கு அடுத்தவன் கை நீட்டினான். அந்த உருண்டை கொட்டகை முழுக்கச் சுற்றியது. கடைசியில் துணி மட்டும்தான் மிச்சம். அவள் தன்சிங் மகள் மட்டும் இல்லை, எங்கள் கோத்திரத்து மகள், கண்டாவ்லி மகள். ஒருத்தன் ஒழிந்தால் இன்னும் இருபது பேர் இருக்கிறோம். என் தம்பி பஸ் நிறுத்தத்துக்கு ஓடிப்போய், ஊரே வெல்லம் தின்றுவிட்டது என்று அவளிடம் சொல்லிவிட்டு வந்தான். அப்போதுதான் அழுதாளாம்.

மம்ராஜ், நீங்கள் எல்லாரும் நரகத்துக்குத்தான் போவீர்கள் என்று சொல்லிவிட்டு எழுந்து போனான். போகும்போது ஹுக்காவை ஆசையோடு ஒருதரம் பார்த்துவிட்டுப் போனான். ஊருக்கு முன்னால் புகைப்பதை விட்டுவிட்டான், என் சுவருக்கு அந்தப் பக்கம் பீடி வாசனை வராத நாள் இல்லை.

ஒரு மாதத்தில் எல்லாம் சேர்ந்தது. முபீனாவுக்கு வெள்ளிக் கழுத்து வளையம், மாப்பிள்ளைக்குத் துணி, பஸ்ரியின் மாமியாருக்கும் நாத்தனார்களுக்கும் ஆளுக்கொரு உடுப்பு, பஸ்ரிக்குச் சரிகை வைத்த சிவப்புத் துப்பட்டா இருபது. வீட்டுக்கு ஒன்று.

புறப்படுகிற அன்று காலையில் டிராக்டரைக் கிளப்பிவிட்டுத் திரும்பிப் பார்க்கிறேன், டிரெய்லரில் முதல் ஆளாக மம்ராஜ் உட்கார்ந்திருக்கிறான். சலவை குர்தா, அத்தர், மடியில் பளபளப்புத் தாளில் சுற்றிய பொட்டலம். மனம் மாறிவிட்டானோ என்று ஒரு கணம் ஏமாந்தேன். பிறகுதான் விஷயம் தெரிந்தது. அவன் மகனுக்குப் பெண் கொடுத்தவர்களும் பீப்பல்கேடா கல்யாணத்துக்கு வருகிறார்கள். சீர் கொண்டுவந்தவர்களில் சொந்தத் தாய்மாமனைக் காணோம் என்று அவர்கள் கேட்டால் சம்பந்தி முன்னால் தலை குனியும். மறுமையில் கிடைப்பதாகச் சொன்ன தண்டனையைவிட இது பக்கத்தில் இருந்தது.

நான் அவனைக் காலைப் பிடித்து இழுத்துக் கீழே போடத்தான் போனேன். சாச்சா தடுத்தார். "விடு ஹுர்மத். வரட்டும். அவ கூடப்பிறந்தவன். ஏத்துக்கறதா வேண்டாமான்னு சொல்ல வேண்டியது அவ, நீ இல்ல."

பீப்பல்கேடாவில் பஸ்ரி வீட்டு வாசலில் பலகை போட்டிருந்தது. அவள் மஞ்சள் உடுப்பில் ஏறி நின்றாள். பின்னால் அந்த வீட்டுப் பெண்கள் கும்பலாக, நடுவில் மத்தளத்தோடு ஜைத்தூனி. சீர் கொண்டுவருகிற ஒவ்வொருவனையும் பேர் சொல்லி வைது பாடுவார்கள். எவ்வளவு நெருக்கமோ அவ்வளவு வசை. சாச்சா முதலில் போய்த் துப்பட்டா போர்த்தினார். கிழவனுக்குப் பல் போனது வயசாலில்லை, பக்கத்து வீட்டுக்காரி தள்ளியதால் என்று பாடினார்கள். என் முறை வந்தது. என் தொந்தியில் ஏழு மாசம் என்றும், பிறக்கப்போவது ஒட்டகக் குட்டி என்றும், என் அம்மாவுக்கு ஒட்டகக்காரனைத் தெரியும் என்றும் ஜைத்தூனி நீட்டி முழக்கினாள். எல்லாரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். நானும்தான். சிவப்புத் துணிகள் பஸ்ரி தலையில் ஒன்றன்மேல் ஒன்றாகக் குவிந்து அவள் முகமே சின்னதாகிவிட்டது. அந்த முகத்தில் இருந்ததைப் பார்த்துக்கொண்டே இன்னும் இருபது பேருக்கு நான் வசை வாங்கியிருப்பேன்.

மம்ராஜ் கடைசியில் நிற்கிற ஆளில்லை. நாலாவது ஆளாகவே முட்டிக்கொண்டு முன்னால் வந்தான். பொட்டலத்தைப் பிரித்தான். சம்பந்தி வீட்டார் எந்தப் பக்கம் நிற்கிறார்கள் என்று ஓரக்கண்ணால் பார்த்துக்கொண்டான். ஜைத்தூனி மூச்சை இழுத்தாள். வாசலில் நிறுத்தி அனுப்பியதற்கு இரண்டு வருஷமாகச் சேர்த்து வைத்திருப்பாள் பாவம்.

பஸ்ரி கையை உயர்த்தினாள். மத்தளம் நின்றது.

ஒருத்தியும் பாடவில்லை. அவன் துணியை விரித்துப் பிடித்தபடி நின்றான். பஸ்ரி பலகையில் நின்றபடியே மகளைத் திரும்பிப் பார்த்துச் சொன்னாள்: "முபீனா, மௌலானா சாகிப் வெயில்ல வந்திருக்காங்க. நாற்காலி போடு. தண்ணி கொண்டா."

அவ்வளவு மரியாதையாகச் சொன்னாள். குரலில் ஒரு முள் இல்லை. வழிப்போக்கனை, பள்ளிவாசலுக்கு நன்கொடை கேட்டு வருகிறவனை அப்படித்தான் உட்கார வைப்பார்கள்.

முபீனா பித்தளைச் சொம்பைத் தட்டில் வைத்துக் கொண்டுவந்தாள். மம்ராஜ் சொம்பைப் பார்த்தான். வாசல் முழுக்க மேவ் சனம், இரண்டு ஊர்க்காரர்கள், சம்பந்திகள். குடித்தால், இந்த வீட்டுப் பெண்ணுக்கு நான் பிறந்த வீடு இல்லை என்று தன் வாயாலேயே ஒப்புக்கொண்ட மாதிரி. வேண்டாம் என்றால், எட்டு வருஷமாகப் பேசியதெல்லாம் என்ன?

அவன் எங்களைத்தான் பார்த்தான். ஒருத்தனாவது குறுக்கே வருவான் என்று நினைத்திருப்பான்.

"குடிப்பா" என்றார் சுமேர் சாச்சா. "தண்ணி அல்லாவோடது. யார் வீட்ல குடுத்தாலும் குடிக்கலாம்."

முடியாது, இவள் என் தங்கை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும். பேசியதையெல்லாம் விழுங்கிவிட்டு அதைச் சொல்லியிருந்தால் நானே அவனைத் தூக்கிப் பலகைக்குப் பக்கத்தில் நிறுத்தியிருப்பேன். பஸ்ரியும் அதற்காகத்தான் காத்திருந்தாள் என்று எனக்குத் தோன்றியது. அவள் கண் சொம்பின்மேலேயே இருந்தது.

மம்ராஜ் பிஸ்மில்லா சொன்னான். உட்கார்ந்து, மூன்று மூச்சில், முறைப்படி குடித்தான். சொம்பைத் தட்டில் வைத்தான். தாடியைத் துடைத்துக்கொண்டான்.

பஸ்ரி முகத்தைத் திருப்பிக்கொண்டு அடுத்து நின்ற என் தம்பிக்குத் தலையைக் குனிந்தாள். மத்தளம் மறுபடி ஆரம்பித்தது. என் தம்பியை அவன் பெண்டாட்டியோடு சேர்த்து வைதார்கள்.

திரும்பும்போது வெயில் மண்டையைப் பிளந்தது. அந்த ஊர்த் தண்ணீர் ஒருத்தன் வாயிலும் ஒரு சொட்டு விழவில்லை; கொண்டுபோன கேன்களும் மதியமே காலி. பீப்பல்கேடா எல்லை முடிகிற இடத்தில், அடுத்த ஊர்க் காட்டில் ஒரு கைப்பம்பு இருக்கிறது. டிராக்டரை நிறுத்தியதுதான் தாமதம், இருபது பேரும் குதித்து ஓடினோம். ஒருத்தன் அடிக்க, ஒருத்தன் குனிந்து கையேந்த, கழுத்தில் ஊற்றிக்கொண்டு, ஒட்டகக் குட்டி எப்போது பிறக்கும் என்று என்னைக் கேட்டுக்கொண்டு, சாச்சாவுக்குச் சொம்பில் பிடித்துக் கொடுத்து, ஒரே கூத்து.

மம்ராஜ் இறங்கவில்லை. பிரித்த துப்பட்டா மடியில் கசங்கிக் கிடக்க, டிரெய்லரிலேயே உட்கார்ந்திருந்தான். அவனுக்குத் தாகம் இல்லை.